பானகம் கொடுத்தால் மலையேறும் சாமி

வேலைக்குச் சேர்ந்த அன்றைக்கே என்னை ஆயா என்று கூப்பிட்டார்கள். அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. பல்லுப் போன கிழவர்கள்கூட, "ஆயா, கொஞ்சம் தண்ணி குடும்மா" என்று கேட்பார்கள். ஆஸ்பத்திரியில் அந்த வேலைக்குப் பெயரே அதுதான் என்று தெரிந்தாலும் கொஞ்ச நாள் வெட்கமாகவே இருந்தது. இப்போது நிஜமாகவே ஆயா ஆகிவிட்டேன். கூப்பிட்டால் பொருத்தமாகத்தான் இருக்கிறது.

நான் படித்தது ஐந்தாவது வரைக்கும். நாலு பேர் முன்னால் பேசச் சொன்னால் வாய் வராது. போன மாதம் என் மகன் சர்க்கரை பார்க்கிற சின்ன மெஷின் ஒன்று வாங்கி வந்தான். விரலில் ஒரு குத்து, ஒரு சொட்டு ரத்தம், கண்ணை மூடித் திறப்பதற்குள் நம்பர் வந்துவிடுகிறது. "இதுக்கு நாங்க எவ்ளோ பாடு பட்டோம்" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன். என் மருமகள் நர்ஸ். அவள் விடவில்லை. "பேச வெக்கமா இருந்தா எழுதிக் குடுங்க அத்தை. எங்க நர்ஸ் சங்கத்து மலர்ல போடச் சொல்றேன்" என்றாள். அதனால்தான் எழுதுகிறேன். டாக்டர் பாஷை எனக்குத் தெரியாது. கண்ணால் பார்த்ததும் கையால் செய்ததும்தான் தெரியும்.

உத்தரமேரூருக்குக் கொஞ்சம் தள்ளி, வயல்களுக்கு நடுவில் ஒரு தர்ம ஆஸ்பத்திரி இருந்தது. இப்போது இல்லை. இரண்டு வார்டு, ஒரு பிரசவ அறை, மருந்து அறை, பின்னால் சாமான் போட்டு வைக்கிற அறை. எண்பதாவது வருஷத்துக்கு முன்னே பின்னே நடந்ததைத்தான் இங்கே சொல்லப்போகிறேன். அதற்கு முன்னால் நான் கற்றுக்கொண்டது கொஞ்சம்தான். கண்ணாடி சிரிஞ்சைக் கழற்றி, துணியில் சுற்றி, கொதிக்க வைக்கக் கற்றுக்கொண்டேன். சர்க்கரை இருக்கிறதா என்று பார்க்க, நீல மருந்தில் சில சொட்டு மூத்திரம் விட்டு, ஸ்பிரிட் விளக்கில் காட்டி, அது பச்சையா மஞ்சளா செங்கல் நிறமா என்று பார்த்துச் சொல்லக் கற்றுக்கொண்டேன். முகம் சுளிக்காமல் இருக்கக் கற்றுக்கொள்ளத்தான் ரொம்ப நாள் ஆனது.

எங்கள் டாக்டரம்மா மெட்ராஸ்காரர். எல்லோரும் என்னை ஆயா என்றபோது அவர்கள் மட்டும் கன்னியம்மா என்று பேர் சொல்லிக் கூப்பிட்டார்கள். நோயாளியிடம் "என்ன பண்ணுது?" என்று கேட்கமாட்டார்கள். "நேத்து எழுந்ததுல இருந்து சொல்லுங்க" என்பார்கள். வருகிறவர்கள் மாடு கறந்தது, சாணி தட்டியது, நாத்தனார் சண்டை போட்டது என்று எங்கெங்கோ போவார்கள். அம்மா குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டே இருப்பார்கள். வெளியே வரிசை நீண்டுகொண்டே போகும். கமலம் சிஸ்டர் கதவோரம் நின்றுகொண்டு, "கதாகாலட்சேபம் முடிஞ்சா அடுத்தவங்கள அனுப்பலாமா டாக்டர்?" என்பார். அம்மா சிரிப்பார்கள், ஆனால் அவசரப்படமாட்டார்கள்.

ஒரு விஷயத்தில் மட்டும் ரொம்பக் கண்டிப்பு. நினைவு தப்பி யார் வந்தாலும், குளுகோஸ் ஏற்றுவதற்கு முன்னால் ரத்தம் எடுத்துவிட வேண்டும். "குளுகோஸ் உள்ள போயிட்டா அப்புறம் எதுவும் தெரியாது. நிலைமை என்னன்னு மொதல்ல ரத்தத்தைக் கேக்கணும்" என்பார்கள்.

அது ஏன் என்பது எனக்கு ஒரு மளிகைக் கடைக்காரரால் புரிந்தது. அவருக்குச் சர்க்கரை வியாதி. தினமும் இன்சுலின் ஊசி போட்டுக்கொள்பவர். ஒருநாள் ஊசியைப் போட்டுக்கொண்டு கல்யாணத்துக்குப் போயிருக்கிறார். பந்தி போடத் தாமதமாகிவிட்டது. மனிதர் பெண் வீட்டாரைக் கண்டபடி திட்டி, மாப்பிள்ளையின் மாலையைப் பிடித்து இழுத்திருக்கிறார். குடித்துவிட்டு வந்திருக்கிறான் என்று நாலு அடி போட்டு எங்களிடம் கொண்டுவந்தார்கள். அம்மா ரத்தம் எடுத்துவிட்டு, பெரிய சிரிஞ்சில் குளுகோஸை மெதுவாக ஏற்றினார்கள். ஊசி முடிவதற்குள் கடைக்காரர் எழுந்து உட்கார்ந்து, "பந்தி போட்டாச்சா?" என்று கேட்டார். அடித்தவர்களே சிரித்துவிட்டார்கள். "சர்க்கரை கூடினா மெதுவா கெடுக்கும். கொறைஞ்சா அந்த நிமிஷமே ஆளை மாத்திடும். மூளைக்கு அதுதான் சோறு" என்று அம்மா எனக்குச் சொன்னார்கள்.

அஞ்சலை வந்தது அதற்கு அப்புறம்தான். பெருநகர் என்கிற பக்கத்து ஊர்ப் பெண். முப்பது வயது இருக்கும். நாற்று நட விடிகாலையில் வெறும் வயிற்றோடு போனவள் சேற்றில் குப்புற விழுந்து வலிப்பு வந்து துடித்திருக்கிறாள். கூட நட்ட பெண்கள் தூக்கியிராவிட்டால் அந்தக் கணுக்கால் தண்ணீரிலேயே உயிர் போயிருக்கும். கையில் இரும்புச் சாவியைத் திணித்து பஸ்ஸில் கொண்டுவந்தார்கள். வரும் வழியில் யாரோ கரும்பு மென்று சாறு கொடுத்தார்களாம். எங்களிடம் வரும்போது தெளிவாக இருந்தாள். அம்மா வலிப்பு மாத்திரை எழுதிக் கொடுத்தார்கள். அது கேட்கவில்லை. மறுபடி ஒரு காலையில் நினைவில்லாமலே கொண்டுவந்தார்கள்.

அன்றைக்கு ரத்தம் எடுத்து, குளுகோஸ் ஏற்றினோம். பாதி ஊசியிலேயே கண்ணைத் திறந்து, "இது இன்னா எடம்? எம் மாட்ட யார் அவுத்துக் கட்னது?" என்றாள். அம்மா என்னைப் பார்த்தார்கள். எனக்குக் கடைக்காரர் ஞாபகம் வந்தது. அவர்களுக்கும் வந்திருக்க வேண்டும். ஆனால் இவள் இன்சுலின் போட்டுக்கொள்பவள் இல்லையே.

ரத்தம் காஞ்சிபுரம் போய் முடிவு வந்தபோது சர்க்கரை ரொம்பக் குறைவு என்றுதான் சொன்னார்கள். அம்மாவுக்குத் திருப்தி இல்லை. சர்க்கரை பார்க்க எடுக்கிற ரத்தத்தைத் தனி மருந்துப் பொடி போட்ட பாட்டிலில் வைக்க வேண்டும். அன்று அந்தப் பாட்டில் தீர்ந்து, சாதா பாட்டிலில் போயிருந்தது. பொடி இல்லாவிட்டால் ரத்தம் தன் சர்க்கரையைத் தானே தின்றுவிடும். "குறைஞ்சது இவ உடம்புலயா, பஸ்ஸுலயான்னு தெரியலையே கன்னியம்மா" என்றார்கள்.

அதற்கு ஒரே வழி, ஆஸ்பத்திரியில் வைத்து, சோறு தராமல், வெறும் தண்ணீர் கொடுத்துக் கண்ணெதிரே பார்ப்பது. கோளாறு வருகிற அந்த நேரத்தில் ரத்தம் எடுக்க வேண்டும். எடுத்த கையோடு குளுகோஸ் கொடுத்து, தெளிகிறாளா என்று பார்க்க வேண்டும். மூன்றும் ஒத்து வந்தால்தான் நோய் இன்னது என்று சொல்லலாம். அஞ்சலையின் மாமியார் குப்பம்மா, "ஒரு பொழுது இருக்கிறது அவளுக்குப் பழக்கந்தான். கிருத்திகைக்குக் கிருத்திகை இருக்கிறவதான்" என்று சம்மதித்தார்.

பட்டினி போட்டோம். ஒரு நாள் போனது, இன்னொரு நாளும் போனது. அஞ்சலை ஜம்மென்று உட்கார்ந்து பக்கத்துக் கட்டில்காரிக்குத் தலை பின்னிவிட்டாள். "ஒண்ணும் சாப்டலியே?" என்று கேட்டால், "ஒண்ணும் துன்னலம்மா" என்று மாமியாரும் மருமகளும் சத்தியம் செய்தார்கள். பட்டினியை முடித்து, வலிப்பு மாத்திரையைக் கூட்டி எழுதி வீட்டுக்கு அனுப்பிவிடலாமா என்றுகூட அம்மா யோசித்தார்கள்.

அப்போது கமலம் சிஸ்டர் கட்டில் காலைப் பார்த்துவிட்டுக் கத்தினார். எறும்பு சாரை சாரையாகப் போய்க்கொண்டிருந்தது. கட்டிலுக்கு அடியில், துணி மூட்டைக்குப் பின்னால், மூடி போட்ட பித்தளைச் சொம்பு. உள்ளே பானகம்.

"பட்டினின்னு சொல்லிட்டு வெல்லத் தண்ணி குடுக்கிறீங்களா?" என்று சிஸ்டர் எகிறினார்.

குப்பம்மா கொஞ்சமும் பதறவில்லை. "அது சாமி தீர்த்தம்மா. தீர்த்தத்த போயி சோறுன்னு கணக்கு வெப்பாங்களா?"

"எதுக்குக் குடுத்தீங்க?" என்று அம்மா கேட்டார்கள். கோபமாக இல்லை. எப்போதும் கேட்கிற மாதிரிதான்.

"சாமி வந்துடக் கூடாதுன்னு."

அப்புறம்தான் முழுக் கதையும் வந்தது. கிருத்திகை அன்று அஞ்சலை காலையிலிருந்து பச்சைத் தண்ணீரோடு இருப்பாள். பொழுது சாயும்போது அவள் மேல் முருகன் வருவார். கண் சொருகும், வேர்த்துக் கொட்டும், பேச்சு மாறும். ஊரே கூடிக் குறி கேட்கும். கடைசியில் ஒரு சொம்பு பானகம் கொடுத்தால் சாமி மலையேறிவிடும். அவளுக்கு எதுவுமே நினைவு இருக்காது. வரவரச் சாமி வேளை கெட்ட வேளையில், விடிகாலையில்கூட வர ஆரம்பித்ததால், குப்பம்மா தலைமாட்டிலேயே பானகம் வைத்திருப்பார். நாற்று நடப் போன அன்றும், நினைவில்லாமல் எங்களிடம் கொண்டுவந்த அன்றும் மட்டும் தவறிவிட்டது.

"இந்த எடத்துல சாமி வந்தா ஆவுமா, நீங்களே சொல்லுங்க. பக்கத்துலயே பிரசவ ரூம் கீது. தீட்டு. அதான் அப்பப்ப ஒரு வாய் குடுத்துக்கினே இருந்தேன்."

அம்மா அந்தச் சொம்பைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டு, "இத்தனை வருஷமா இவளை உயிரோட வச்சிருந்தது நீங்கதாம்மா" என்றார்கள். குப்பம்மாவுக்குப் புரியவில்லை. எனக்கும் அப்போது முழுசாகப் புரியவில்லை.

இன்னொரு தடவை பட்டினி போட வேண்டும், பானகமும் கூடாது என்று அம்மா சொன்னதற்கு, குப்பம்மா ஒரே ஒரு நிபந்தனை போட்டார். தீட்டு இல்லாத இடம் வேண்டும். அம்மா அதற்கும் சரி என்றார்கள். பின்பக்கத்துச் சாமான் அறையைக் காலி செய்து, பினாயில் போட்டுக் கழுவி, அதன் மேல் மஞ்சள் தண்ணீர் தெளித்தேன். ஒரு முருகன் படம் மாட்டினோம். அந்த அறைக்குள் வரும்போது டாக்டரம்மாகூடச் செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் வந்தார்கள். சிஸ்டர், "இது ஆஸ்பத்திரியா, மடமா?" என்று முணுமுணுத்துக்கொண்டே தன் செருப்பையும் கழற்றினார்.

பகலில் அவள் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிற வேலை எனக்கு. "பேசிக்கிட்டே இரு கன்னியம்மா. பேச்சு மாறினா உடனே கூப்பிடு" என்று அம்மா சொல்லியிருந்தார்கள். பேசுவதுதான் எனக்கு வராதே. நல்ல வேளை, அஞ்சலை பேசினாள்.

"அக்கா, இது நோவுன்னு தெரிஞ்சுட்டா சாமி வராது, இல்ல?"

நான் அவளுக்குக் குடிக்கத் தண்ணீர் ஊற்றிக் கொடுத்தேன்.

"கட்டிக்கினு வந்தப்போ இந்த வூட்ல என்ன யாரும் பேர் சொல்லிக்கூடக் கூப்டல. பெத்துக்காதவன்னு கரிச்சுக் கொட்டுவாங்க. சாமி வந்தப்பறந்தான் மாமியாரே எங்கால்ல வுழுந்துச்சு. சாமி போயிட்டா நான் மறுபடியும் அவதானே?"

அவள் பிழைக்க வேண்டுமே என்று ஒரு பக்கம், பிழைத்தபிறகு அந்த வீட்டில் எப்படி இருப்பாள் என்று ஒரு பக்கம், எனக்கு மனசு அடித்துக்கொண்டது. அவள் கேட்டதை டாக்டரம்மாவிடம் போய்ச் சொன்னேன். அவர்களே வந்து கட்டிலில் உட்கார்ந்தார்கள்.

"சாமி வருமா வராதான்னு எனக்குத் தெரியாது அஞ்சலை. தெரியாததைச் சொல்லமாட்டேன். ஆனா இப்படியே விட்டா ஒருநாள் பானகம் கிடைக்கறதுக்குள்ள உயிர் போயிடும். அது எனக்குத் தெரியும்."

அஞ்சலை சேலைத் தலைப்பை முறுக்கிக்கொண்டே இருந்தாள். "சரி, பாருங்க" என்றாள்.

மறுநாள் வெயில் ஏறுகிற நேரம். நான் அவள் மாட்டைப் பற்றிக் கேட்டுக்கொண்டிருந்தேன். பதில் சொல்லிக்கொண்டிருந்தவள் நின்றாள். நெற்றியில் முத்து முத்தாக வேர்வை. என்னை உற்றுப் பார்த்து, ஆண் குரல் மாதிரி அடித்தொண்டையில், "யாரு நீ? என் மலையில ஒனக்கு இன்னா வேல?" என்றாள்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். நானும் முருகனைக் கும்பிடுகிறவள்தான். "டாக்டரம்மா!" என்று கத்தினேன். என் ஆயுசில் நான் அப்படிக் கத்தியது அந்த ஒரு தடவைதான்.

அம்மா வருவதற்குள் வார்டே வாசலில் கூடிவிட்டது. காலில் கட்டுப் போட்டவர் நொண்டிக்கொண்டு வந்து, "சாமி, எங்க நெலத்து வழக்கு எப்ப தீரும்?" என்கிறார். சமையல்காரம்மா கரண்டியோடு கன்னத்தில் போட்டுக்கொள்கிறார். குப்பம்மா எங்கிருந்தோ கற்பூரத்தை எடுத்துவிட்டார். "ஸ்பிரிட் பாட்டில் இருக்குது, கொளுத்தாதீங்க!" என்று சிஸ்டர் அதைப் பிடுங்கினார்.

அம்மா சிரிஞ்சோடு குனிந்தபோது குப்பம்மா குறுக்கே வந்து நின்றார். "சாமி வந்த ஒடம்புல ஊசி குத்துவியா? மொதல்ல பானகம் குடு, மலையேறட்டும், அப்பறம் குத்து!"

பானகம் உள்ளே போனால் பட்டினி போட்டதெல்லாம் வீண். தாமதித்தால் வலிப்பு வந்துவிடும், அதற்கு மேலும் வரலாம். அஞ்சலையின் கண் ஏற்கனவே மேலே சொருகிக்கொண்டிருந்தது. அம்மா குப்பம்மாவைத் தள்ளவும் இல்லை, அதட்டவும் இல்லை. அஞ்சலையைப் பார்த்துக் கை கூப்பினார்கள். "சாமி, இவ உன் பொண்ணு. இவ உயிரைக் காப்பாத்த ஒரு துளி ரத்தம் வேணும். குடுத்துட்டுப் போ."

அஞ்சலை சிரித்தாள். அது சம்மதமா, மயக்கமா, யார் கண்டது? குப்பம்மா விலகிக்கொண்டார். நான் கையை அழுத்திப் பிடித்துக்கொண்டேன். வேர்வையில் வழுக்கியது.

ரத்தம் வந்தது. பொடி போட்ட பாட்டிலில் கொஞ்சம், சாதா பாட்டிலில் கொஞ்சம். மெட்ராஸிலிருந்து வாங்கி வைத்திருந்த பட்டைக் காகிதத்தில் ஒரு சொட்டு. ஒரு நிமிஷம் விட்டு அதைத் தண்ணீரில் கழுவ வேண்டும். சர்க்கரை இருந்தால் நீலம் பிடிக்கும். வெளுப்பாகவே இருந்தது. அம்மா அதற்குள் குளுகோஸை ஏற்ற ஆரம்பித்திருந்தார்கள். குப்பம்மா மூச்சு விடாமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

அஞ்சலை கண்ணைத் திறந்தாள். வாசலில் நின்ற கூட்டத்தைப் பார்த்தாள். சட்டென்று மாராப்பைச் சரி செய்துகொண்டு, "இன்னா அத்தை, எல்லாரும் என்னையே பாத்துக்கினு கீறாங்க?" என்றாள், அவள் குரலில்.

"ஊசியிலயா மலையேறுச்சு?" என்று குப்பம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

சாதா பாட்டில் ரத்தத்தைத் தெளிய வைத்து, தெளிவை மட்டும் ஐஸ் போட்ட பிளாஸ்கில் வைத்து, கம்பவுண்டர் மெட்ராஸ் பஸ் ஏறினார். முடிவு வரக் கொஞ்ச நாள் ஆனது. சர்க்கரை அவ்வளவு குறைந்திருக்கிற நேரத்தில் உடம்பில் இன்சுலின் ஏறக்குறைய இருக்கவே கூடாதாம். இவளுக்கு நிறைய இருந்தது. அம்மா எல்லோருக்கும் புரிகிற மாதிரி சொன்னார்கள். வயிற்றுக்குப் பின்னால் கணையம் என்று ஒரு உறுப்பு இருக்கிறது. அதில் சின்னதாக ஒரு கட்டி. அது சாப்பிட்டாளா இல்லையா என்று பார்க்காமல் இன்சுலினைச் சுரந்துகொண்டே இருக்கிறது. கடைக்காரர் ஊசியில் போட்டுக்கொண்டதை இவள் உடம்பே உள்ளுக்குள் போட்டுக்கொள்கிறது. ரொம்ப அபூர்வமாக வருகிற நோய், பெரும்பாலும் எடுத்துவிட்டால் தீர்ந்துவிடும் என்றார்கள்.

ஆபரேஷனுக்கு மெட்ராஸ் போகும்போது நானும் துணைக்குப் போனேன். கட்டி எங்கே இருக்கிறது என்று அங்கே எடுத்த எக்ஸ்ரே படத்தில் தெரியவில்லை. வயிற்றைத் திறந்து, கணையத்தை விரலால் தடவித் தடவித்தான் பெரிய டாக்டர் கண்டுபிடித்தாராம். எடுத்தபிறகு சர்க்கரை மேலே ஏறியது என்று வெளியே வந்து சொன்னார்கள். அந்தக் கட்டியைப் பாட்டிலில் போட்டுக் காட்டினார்கள். பழுப்புச் சிவப்பில், பட்டாணியைவிடக் கொஞ்சம் பெரிசு.

"இத்தினூண்டா?" என்றார் குப்பம்மா. "இதுக்கா நாங்க வுழுந்து வுழுந்து கும்பிட்டோம்?" சொல்லிவிட்டு, கை தன்பாட்டுக்கு எழும்பி, அந்தப் பாட்டிலுக்கும் ஒரு கும்பிடு போட்டுவிட்டார்.

உடம்பு தேறிய பிறகு வந்த ஒரு கிருத்திகைக்கு அஞ்சலை என்னைக் கூப்பிட்டிருந்தாள். டாக்டரம்மாவிடம் கேட்டு ஒரு பொழுது இருந்தாள். நான் பஸ் பிடித்துப் பெருநகர் போய்ச் சேர்ந்தபோது அவர்கள் வீட்டு வாசல் நிறையக் கூட்டம். பம்பை அடிக்கிறார்கள், உடுக்கை அடிக்கிறார்கள். முருகன் படத்துக்கு முன்னால் அஞ்சலை உட்கார்ந்திருந்தாள். பொழுது சாய்ந்தது. விளக்கு வைத்தாகிவிட்டது. அவள் வெறுமனே உட்கார்ந்திருந்தாள். முகத்தில் ஒரு சொட்டு வேர்வை இல்லை. நல்ல ஆரோக்கியமான முகம். அதைப் பார்க்க எனக்குச் சந்தோஷமாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது.

பம்பைக்காரர் கை ஓய்ந்து நிறுத்தினார். கூட்டத்தில் ஒருத்தி சத்தமாகவே சொன்னாள். "டாக்டர்கிட்ட போயி சாமிய அறுத்துப் போட்டுட்டு வந்துட்டா. இனிமே எங்க வரும்?"

அஞ்சலை தலை குனிந்துகொண்டாள். நான் குப்பம்மாவைப் பார்த்தேன். அஞ்சலையும் ஓரக்கண்ணால் அவரைத்தான் பார்த்தாள்.

குப்பம்மா எழுந்து இடுப்பில் கை வைத்துக்கொண்டார். "இன்னாமே சொன்ன? சாமிய யார்மே அறுக்க முடியும்? சாமி மலையில கீது. வேணும்னா நடந்து போயிப் பாரு. எம் மருமவ வூட்ல கீறா. எனக்கு அது போதும். போங்க, போயி அவங்கவங்க வூட்ல வெளக்கேத்துங்க."

கூட்டம் முணுமுணுத்துக்கொண்டே கலைந்தது. அஞ்சலை எழுந்திருக்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, "அத்தை, பசிக்குது" என்றாள். சொல்லும்போதே அழுதுவிட்டாள்.

குப்பம்மாவே இலை போட்டுச் சோறு வைத்தார். என்னையும் பக்கத்தில் உட்கார வைத்தார். சாம்பார் சோறு ஆனது, மறுபடி சாம்பார் ஆனது, வாழைக்காய்க் கறி சட்டியோடு காலியானது. மறுபடியும் சோறு கேட்டபோது குப்பம்மா கரண்டியை ஓங்கிக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"சாமிக்குப் படைச்சா ஒரு எலையோட போயிடும். இவளப் பாரும்மா, பானையவே கவுத்துடுவா போல கீது."

அஞ்சலை இலையிலிருந்து தலையை நிமிர்த்தவே இல்லை. "ரசம் ஊத்து அத்தை" என்றாள்.